வாய் திறக்காவிட்டால் கொழும்புதான்

திருகோணமலை அன்புவழிபுரத்திலிருந்தும் துறைமுகத்தை அண்டிய மற்ற ஊர்களிலிருந்தும் வந்த கடிதங்கள் எல்லாம் ஒரே இடத்தில் வந்து நிற்கின்றன. கொழும்புக் கொம்பனி காசு தரவில்லை. வழக்கைத் திருகோணமலையிலேயே போடலாமா, கொழும்புக்கு அலைய வேண்டுமா?

கேட்பவர்களுக்கு அவகாசம் அதிகமில்லை. 1871ஆம் ஆண்டின் காலவிதிப்புக் கட்டளைச் சட்டம் எழுத்திலான ஒப்பந்தத்துக்கு ஆறு வருடம் தருகிறது. விற்றுக் கொடுத்த சரக்குக்கும், கடைக் கணக்குக் கொப்பியில் ஏறிய கடனுக்கும், செய்து கொடுத்த வேலையின் கூலிக்கும் ஒரே ஒரு வருடம்தான். பில் கட்டை மட்டும் நம்பி இருப்பவர்கள் முதல் பில்லின் திகதியை இன்றே பாருங்கள்.

குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 9ஆம் பிரிவு நான்கு வழிகளைத் திறந்து வைக்கிறது: எதிராளி வசிக்கும் இடம், வழக்குக்குரிய காணி இருக்கும் இடம், வழக்குக்கான காரணம் எழுந்த இடம், ஒப்பந்தம் செய்யப்பட்ட இடம். ஒன்று பொருந்தினாலே போதும். ஆனால் இங்குள்ள ஒரு லொறி முதலாளியின் நிலையில் இதை வைத்துப் பாருங்கள். கொம்பனி அனுப்பிய படிவத்தில் அவர் அன்புவழிபுரத்தில் கையெழுத்து வைக்கிறார். படிவம் கொழும்புக்குப் போகிறது, அங்கே பணிப்பாளர் கடைசிக் கையெழுத்தை வைக்கிறார். ஒப்பந்தம் பிறந்த இடம் கொழும்பு, எதிராளி இருப்பதும் கொழும்பு, காணி இதில் இல்லை. அவருக்கு மிஞ்சுவது காரணம் எழுந்த இடம் மட்டும். ‘பணம் திருகோணமலையில் உள்ள வங்கிக் கணக்குக்குச் செலுத்தப்படும்’ என்ற ஒரு வரி ஒப்பந்தத்தில் இருந்தால், செலுத்தாத தவறு இங்கே நடந்தது என்று சொல்ல அவருக்குப் பிடி கிடைக்கும். அந்த வரியைக் கேட்டு வாங்குவோர் குறைவு.

இனி மறுபக்கம். அன்புவழிபுரத்திலேயே முடிவான வேறொரு ஒப்பந்தத்தில் ஏற்றிய சரக்கு பழுதாகிவிட்டது என்று அதே கொம்பனி அவர்மேல் கொழும்பில் வழக்குப் போடுகிறது என்று வைத்துக்கொள்வோம். கொழும்புக்கு அதிகாரம் இல்லை என்று வாதாட அவரிடம் நல்ல நியாயமும் இருக்கலாம். ஆனால் 1978ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க நீதித்துறைச் சட்டத்தின் 39ஆம் பிரிவு அங்கே காத்திருக்கிறது. எதிராளி ஆட்சேபிக்காமல் மறுமொழி போட்டுவிட்டால், அதன்பின் எந்தத் தரப்பும் நியாயாதிக்கத்தைக் கேள்வி கேட்க முடியாது. அந்த நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருப்பதாகவே கொள்ளப்படும். ஆட்சேபணையும் பொத்தாம் பொதுவாக இருக்கக் கூடாது. கோவையின் 76ஆம் பிரிவு அதைத் தனியாக, வெளிப்படையாக எழுதக் கேட்கிறது. ‘முறைப்பாட்டில் உள்ள யாவற்றையும் மறுக்கிறேன்’ என்ற வழக்கமான வரியை நம்பி இருந்துவிடக் கூடாது.

இந்த ஏற்பாட்டில் புத்தி இருக்கிறது. பத்து வருடம் வழக்காடித் தோற்றவர் கடைசி நாளில் ‘இது தவறான நீதிமன்றம்’ என்று கிளம்புவதை அது தடுக்கிறது. ஆனால் அதன் சுமை இரு தரப்பிலும் சமமாக விழுவதில்லை. நிரந்தரச் சட்டத்தரணி வைத்திருக்கும் கொம்பனி அந்த ஆட்சேபணையைத் தவறவிடாது. அழைப்பாணையோடு 260 கிலோமீற்றர் பஸ் ஏறி, அன்று அகப்பட்ட சட்டத்தரணியிடம் புரொக்சி கொடுப்பவர்தான் தவறவிடுவார். அவருடைய மௌனத்தைச் சட்டம் சம்மதமாக எடுத்துக்கொள்கிறது. எனக்கு இது நியாயமாகப் படவில்லை.

ஒரு வரம்பு உண்டு. விக்டர் தென்னகோன் பிரதம நீதியரசராக இருந்தபோது எழுதிய தீர்ப்பொன்று இரண்டு குறைபாடுகளைப் பிரித்துக் காட்டியது. அந்த வகை வழக்கையே விசாரிக்க அதிகாரமில்லாத நீதிமன்றத்துக்கு, மௌனமோ சம்மதமோ அதிகாரம் தராது. இடம் மாறிய குறைபாடு மட்டுமே மௌனத்தால் தீரும்.

வகை என்றதும் வர்த்தக மேல் நீதிமன்றம் வருகிறது. வணிக வழக்குகளை விரைவுபடுத்தும் ஏற்பாடு என்று அரசு அதைச் சொல்லிவருகிறது. யாருக்கு விரைவு என்று கேட்க வேண்டியிருக்கிறது. 1996ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சட்டம் வணிக வழக்குகளை விசாரிக்கும் அதிகாரத்தை ஒவ்வொரு மாகாண மேல் நீதிமன்றத்துக்கும் வகுத்தது. ஆனால் அமைச்சர் வர்த்தமானியில் நாள் குறித்தால்தான் அது நடைமுறைக்கு வரும். நாள் குறிக்கப்பட்டது மேல் மாகாணத்துக்கு. ஆகவே கொழும்பில் எழுந்த பெரிய வணிக வழக்குக்குத் தனி நீதிமன்றம் உண்டு. திருகோணமலையில் எழுந்த அதே அளவு வழக்கு, காணி வழக்குகளோடும் விவாகரத்து வழக்குகளோடும் மாவட்ட நீதிமன்றத்தில் வரிசையில் நிற்கிறது.

எஞ்சிய கேள்விகளுக்குச் சுருக்கமாக:

வர்த்தக மேல் நீதிமன்றத்துக்கு எவ்வளவு தொகை வேண்டும்? 1996இல் 10 லட்சம் ரூபாவுக்கு மேல். வர்த்தமானி மூலம் உயர்த்தப்பட்டிருக்கிறது, நடப்புத் தொகையைச் சட்டத்தரணியிடம் உறுதிப்படுத்துங்கள்.

வங்கி 1990ஆம் ஆண்டின் 2ஆம் இலக்கக் கடன் அறவீட்டுச் சட்டத்தில் வழக்குப் போட்டால்? தொகை எவ்வளவு பெரிதானாலும் மாவட்ட நீதிமன்றம்தான்.

துறைமுகத்தில் நிற்கும் கப்பலைத் தடுத்து வைக்க வேண்டுமென்றால்? கப்பல் திருகோணமலையில் நின்றாலும் கட்டளை கொழும்பு மேல் நீதிமன்றத்திலிருந்துதான்.

தவறான இடத்தில் போட்டுவிட்டால்? கோவையின் 47ஆம் பிரிவின்படி, உரிய நீதிமன்றத்தில் கொடுக்கும்படி முறைப்பாடு திருப்பித் தரப்படும். ஒரு வருடக் கெடுவின் கடைசி வாரத்தில் அப்படித் திரும்பி வர விடாதீர்கள்.

கொழும்பிலிருந்து அழைப்பாணை வந்திருப்பவர்கள் மறுமொழி போகுமுன் உங்கள் சட்டத்தரணியிடம் ஒன்றைக் கேளுங்கள்: நியாயாதிக்க ஆட்சேபணை தனிப் பந்தியாக எழுதப்பட்டிருக்கிறதா? அந்தப் பந்தியைக் கண்ணால் பார்த்த பிறகு மறுமொழியைப் போடச் சொல்லுங்கள்.