பழகிய கடை, பழகாத பெயர்: அட்டைக் கணக்கில் மளிகைப் பற்று

கொடுப்பதும் கொள்வதும் மனித வாழ்வின் அன்றாட நிகழ்ச்சிகள். அவற்றை மறவாமல் எழுதி வைப்பது அறிவுடையோர் வழக்கம். மளிகைக் கடைக்கென்றே நீண்ட குறிப்பேடு ஒன்று நம் இல்லங்கள் பலவற்றில் இருந்தது. அரிசி, பருப்பு, புளி, எண்ணெய் என வாங்கிய ஒவ்வொன்றும் நாளும் விலையும் குறித்து அதில் ஏறும். மாதக் கடைசியில் கடைக்காரரும் வாடிக்கையாளரும் வரி வரியாகப் பார்த்துக் கணக்கை நேர் செய்வர். இக்கணக்குகளில் வழங்கும் பாக்கி, வசூல் என்னும் சொற்கள் அரபு மொழியிலிருந்தும், ரசீது என்னும் சொல் பாரசீகத்திலிருந்தும் வந்து தமிழோடு தமிழாய்க் கலந்துவிட்டமை மொழி பயில்வோர் அறிந்ததே.

அக்குறிப்பேட்டின் இடத்தை இன்று பல வீடுகளில் வங்கி அனுப்பும் அட்டைக் கணக்கறிக்கை பிடித்துக்கொண்டது. ஆனால் இரண்டிற்கும் பெரியதொரு வேறுபாடு உண்டு. பழைய ஏட்டில் பொருளின் பெயர் இருந்தது. கடையின் பெயரை எழுத வேண்டிய தேவையே இருந்ததில்லை. புதிய அறிக்கையிலோ பொருளின் பெயர் இல்லை. கடையின் பெயர் மட்டுமே உள்ளது. அதுவும் நாம் அறிந்த பெயராக இருப்பதில்லை. ‘இக்கடைக்கு நாம் போகவே இல்லையே, இப்பணம் எவ்வாறு போயிற்று?’ என்று திகைப்போர் பலர்.

இவ்வாறு திகைப்போரை இரு வகையினராகக் காண்கிறோம். ஒரு சாரார், தொகை சிறியதுதானே என்றோ, ஆங்கில அறிக்கை நமக்கு விளங்காது என்றோ எண்ணிப் பேசாமல் பணத்தைக் கட்டிவிடுகின்றனர். மற்றொரு சாரார், கண்ட மாத்திரத்திலேயே ‘திருட்டு’ என்று முறையிடுகின்றனர். முன்னவர் தம் பொருளை இழக்கக்கூடும். பின்னவர் நேர்மையான வணிகர் ஒருவர் மீது வீண் பழி சுமத்தக்கூடும். இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட நெறி ஒன்று உண்டு. வரியை முறையாகப் படித்தல், உரியவரிடம் கேட்டல், ஐயம் தெளியாவிடில் காலம் கடத்தாது முறையிடல் என்பதே அந்நெறி. அதனை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயர் மாறுவது ஏன்?

கடையின் முகப்பில் உள்ள பெயர் வேறு. சட்டப்படி பதிவான நிறுவனத்தின் பெயர் வேறு. அட்டைக் கணக்கில் பெரும்பாலும் பின்னதே இடம்பெறும். ‘டி மார்ட்’ என்ற பலகையைப் பார்த்து உள்ளே சென்று பொருள் வாங்கியவர், அறிக்கையில் ‘அவென்யூ சூப்பர்மார்ட்ஸ்’ என்று காணலாம். அக்கடைகளை நடத்தும் நிறுவனத்தின் பதிவுப் பெயர் அதுவே. சில நிறுவனங்கள் இடையிலே பெயர் மாற்றிக்கொள்வதும் உண்டு. 2013-இல் ‘குரோஃபர்ஸ்’ என்று தொடங்கிய மளிகை விநியோக நிறுவனம், 2021 டிசம்பரில் ‘பிளிங்கிட்’ என்று பெயர் மாறியது. இத்தகைய மாற்றங்களை அறியாதவர் ஒரே கடையை இரு கடைகளாக எண்ணி மயங்க இடமுண்டு.

இணையவழி வாங்கும்போது கடைக்கும் வங்கிக்கும் நடுவே பணத்தைப் பெற்றுத் தரும் இடைநிலை நிறுவனம் ஒன்று நிற்கும். ரேசர்பே, பேயு, பில்டெஸ்க் போன்றவை இவ்வகையின. கடையின் பெயருக்கு முன்னால் இவற்றின் பெயர் ஒட்டிக்கொண்டு வருவதும், சிலபோது இவற்றின் பெயர் மட்டுமே வருவதும் உண்டு. ஊர்ப் பெயரும் இவ்வாறே மயக்கம் தரும். திருநெல்வேலியில் பெற்ற பொருளுக்கு மும்பை என்றோ பெங்களூரு என்றோ ஊர் குறிக்கப்பட்டிருப்பின், அது நிறுவனத்தின் தலைமையகம் உள்ள ஊராக இருக்கலாம்.

பெயர் குறுகிப் போவதற்கும் காரணம் உண்டு. அட்டைப் பரிவர்த்தனைச் செய்திகளுக்கு ஐ.எஸ்.ஓ. 8583 என்னும் பன்னாட்டு நெறிமுறை அடிப்படையாக உள்ளது. அதன்படி கடையின் பெயர், ஊர், நாடு ஆகிய யாவும் 40 எழுத்திடங்களுக்குள் அடங்க வேண்டும். நீண்ட பெயர்கள் அதனாலேயே நடுவில் வெட்டுண்டு பொருளற்ற எழுத்துக் கூட்டமாய்த் தோன்றுகின்றன. ஆகவே இவ்வரிகளை உண்மையாகவே எழுத்தெண்ணிப் படித்தல் வேண்டும்.

5411 என்னும் குறியெண்

அட்டை ஏற்கும் ஒவ்வொரு வணிகருக்கும் அவர்தம் தொழிலைக் குறிக்கும் நான்கிலக்க எண் ஒன்று வழங்கப்படுகிறது. மளிகைக் கடைகளுக்கும் பேரங்காடிகளுக்கும் உரிய எண் 5411 ஆகும். அறிக்கையில் ‘மளிகை’ என்னும் வகைப்பாடு காணப்படுவது இவ்வெண்ணைக் கொண்டே.

இவ்வெண் கடையைக் குறிக்குமேயன்றி, வாங்கிய பொருளைக் குறிக்காது என்பதை உளங்கொள்ளல் வேண்டும். பேரங்காடியில் குழந்தைக்குச் சட்டையோ சமையலுக்குக் குக்கரோ வாங்கினாலும் அச்செலவு மளிகை என்றே பதிவாகும். ‘அம்மாதம் மளிகை வாங்கவில்லையே’ என்று வியப்போர், அக்கடையில் வேறு பொருள் ஏதும் வாங்கினோமா என்று எண்ணிப் பார்த்தல் நலம்.

தொகையும் நாளும் மாறுவது ஏன்?

அட்டையைத் தேய்த்த நொடியில் நிகழ்வது வங்கியின் ஒப்புதலே. கடைக்குப் பணம் சென்று சேர்ந்து கணக்கில் முடிவாகப் பதிவாவது பின்னரே. ஆகவே வெள்ளிக்கிழமை வாங்கிய பொருள் திங்கட்கிழமைக்குரிய வரியாக அறிக்கையில் தோன்றுவது இயல்பு. சில அறிக்கைகளில் வாங்கிய நாள், பதிவான நாள் என இரண்டும் இருக்கும். ரசீதோடு ஒப்பிட வேண்டியது முன்னதை.

தொகை மாறுபாட்டிற்கு ஓர் எடுத்துக்காட்டுக் காண்போம். ஒருவர் இணையவழி 1,850 ரூபாய்க்குப் பொருள் கேட்கிறார். அவற்றுள் 60 ரூபாய்க்குரிய காய் ஒன்று இருப்பில் இல்லை. வீட்டுக்கு வந்த பட்டியல் 1,790 ரூபாயைக் காட்டுகிறது. அறிக்கையோ 1,850 ரூபாயைக் காட்டுகிறது. குறைந்த 60 ரூபாய் சில நாள் கழித்து வரவு என்று தனி வரியாக வரும். அடுத்த மாத அறிக்கையில் வருவதும் உண்டு. ஒரே கோரிக்கைக்குரிய பொருள்கள் இரு தவணைகளாக வந்து சேர்ந்தால், இரண்டு பற்றுகளாகப் பதிவாவதும் உண்டு. விநியோகக் கட்டணம், பைக் கட்டணம் முதலியன சேர்ந்து தொகை கூடுவதும் காண்கிறோம்.

மற்றொன்று இரட்டைப் பற்று. இயந்திரம் முதல் முறை இயங்கவில்லை என்று கடைக்காரர் இரண்டாம் முறையும் அட்டையைத் தேய்ப்பார். முதல் முறையிலும் பணம் கழிந்திருக்கும். ஆனால் ரசீது வந்திராது. இத்தகைய நிகழ்வுகளுக்கு இந்திய ரிசர்வ் வங்கி 2019 செப்டம்பர் 20-இல் வெளியிட்ட சுற்றறிக்கை வழி கூறியது. கழிந்த பணம் 5 நாட்களுக்குள் தானே திரும்புதல் வேண்டும். அதற்கு மேல் தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் 100 ரூபாய் இழப்பீடு தருதல் வேண்டும் என்பது அதன் விதி. இயந்திரம் இயங்கவில்லை என்று கூறப்பட்டால், மறுமுறை அட்டையை நீட்டுமுன் கைப்பேசிக்கு வந்த குறுஞ்செய்தியைப் பார்ப்பது அறிவுடைமை.

முதலில் வீட்டில் கேட்போம்

ஒரே கணக்கில் துணைவியார்க்கும் பிள்ளைகளுக்கும் கூடுதல் அட்டைகள் பெற்றிருப்போர் உளர். வெளியூரில் பயிலும் மகன் அவ்வூர்க் கடையில் சோப்பும் ரொட்டியும் வாங்கினால் அதுவும் தந்தையின் அறிக்கையிலேயே ஏறும். சில மளிகைச் செயலிகளில் உறுப்பினர் கட்டணம் குறித்த காலத்தில் தானே புதுப்பிக்கப்படும். இத்தகைய தொடர் பற்றுக்கு 24 மணி நேரத்திற்கு முன்னரே அறிவிப்பு வருதல் வேண்டும் என்பது விதி. அவ்வறிவிப்பை நாம் படிக்காது விட்டிருக்கலாம்.

வங்கியில் முறையிடுமுன் வீட்டாரையும் கடையையும் கேட்க வேண்டும் என்று நாம் வற்புறுத்துவதற்குக் காரணம் உண்டு. ‘இப்பரிவர்த்தனை எம்முடையதன்று’ என்று நாம் எழுதிக் கொடுத்தால், வணிகரிடமிருந்து அத்தொகை திரும்பப் பெறப்படலாம். தாம் பொருள் கொடுத்தமைக்கு அவர் சான்று காட்ட வேண்டியிருக்கும். பல சமயம் தனிக் கட்டணமும் செலுத்த நேரும். குறைந்த ஆதாயத்தில் கடை நடத்தும் சிறு வணிகருக்கு இது பெரும் சுமையாகும். நம் மறதிக்கு அவர் விலை கொடுப்பது முறையன்று. எனினும், இவ்விசாரணை அன்றைய பொழுதுக்குள் முடிய வேண்டும். காரணத்தைக் கீழே காண்போம்.

ஐயம் தெளியாவிடில்

வீட்டாரும் அறியார், கடைக்காரரும் விளக்கம் தரவில்லை எனில், அட்டை பிறர் கைப்பட்டதோ என்று ஐயுறுதல் தகும். தொகை சிறியது என்று வாளாவிருத்தல் ஆகாது. அட்டை எண்ணைக் களவாடியோர், அது செல்லுபடியாகிறதா என்று அறிய முதலில் சிறு தொகையைச் செலவிட்டுப் பார்ப்பது உலகெங்கும் அறியப்பட்ட உத்தி. மளிகைக் கடைப் பெயரிலுள்ள சிறு பற்று எவர் கண்ணையும் உறுத்தாது என்பது அவர்களுக்குத் தெரியும். ‘ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு’ என்ற நம் முதுமொழி இங்கே பொருந்தும்.

2021 ஜனவரி 1 முதல், தட்டிச் செலுத்தும் அட்டைகளில் 5,000 ரூபாய் வரை இரகசிய எண் இன்றியே செலுத்த ரிசர்வ் வங்கி இசைவளித்தது. தொலைந்த அட்டை ஒன்று கண்டெடுத்தவர் கையில் எவ்வாறு பயன்படும் என்பதை இதனால் உணரலாம். தட்டிச் செலுத்துதல், இணையவழிப் பயன்பாடு, வெளிநாட்டுப் பயன்பாடு ஆகியவற்றை அட்டைக்குரியவரே வேண்டும்போது திறக்கவும் மூடவும் வசதி தரவேண்டும் என 2020-இல் ரிசர்வ் வங்கி பணித்தது. பயன்படுத்தாத வழிகளை மூடி வைத்தல் கதவுக்குத் தாழிடுவது போன்றது.

மூன்று நாள் கணக்கு

இக்கட்டுரையில் நாம் முதன்மையாகக் கூற விழைவது இதுவே. ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலை 6-ஆம் நாள் சுற்றறிக்கை, வாடிக்கையாளரின் பொறுப்புக்கு வரம்பு கட்டியது. வங்கியின் குறையால் நேர்ந்த மோசடிக்கு வாடிக்கையாளர் பொறுப்பாகார். வங்கியும் வாடிக்கையாளரும் அல்லாத இடத்தில் குறை நேர்ந்திருப்பின், வங்கியின் அறிவிப்புக் கிடைத்த 3 வேலை நாட்களுக்குள் முறையிட்டால் அப்போதும் அவருக்கு இழப்பில்லை. 4 முதல் 7 வேலை நாட்களுக்குள் எனில், 5 இலட்சம் ரூபாய் வரை வரம்புடைய கடன் அட்டைக்கு அவர் ஏற்க வேண்டிய இழப்பு மிகுதியாக 10,000 ரூபாய். அதற்கு மேற்பட்ட வரம்புடைய அட்டைக்கு 25,000 ரூபாய். பறிபோன தொகை இவற்றினும் குறைவாயின் அத்தொகை மட்டுமே. 7 நாட்களும் கடந்தால் அந்தந்த வங்கியின் கொள்கைப்படியே முடிவாகும்.

இங்கே நுட்பமாக நோக்க வேண்டியது ஒன்றுண்டு. நாட்கணக்கு தொடங்குவது மாத இறுதியில் வரும் அறிக்கையிலிருந்து அன்று; பணம் கழிந்தவுடன் வங்கி அனுப்பும் அறிவிப்பிலிருந்து. கைப்பேசிக்கு வந்த குறுஞ்செய்தியைப் படியாது விட்டு, அறிக்கை வரும்வரை காத்திருப்பவர் தம் உரிமையின் பெரும்பகுதியை இழந்துவிடக்கூடும். கைப்பேசி எண் மாறியும் வங்கிக்குத் தெரிவிக்காதவர் நிலை இன்னும் இரங்கத்தக்கது.

முறையிடும் வரிசை இது: முதலில் அட்டையை முடக்கச் செய்தல், அடுத்து வங்கியில் புகாரைப் பதிந்து, புகார் எண்ணைக் குறித்துக்கொள்ளல், மோசடி உறுதியெனில் 1930 என்னும் தேசிய இணையக் குற்ற உதவி எண்ணிலும் தெரிவித்தல். முறையீடு கிடைத்த 10 வேலை நாட்களுக்குள் வங்கி அத்தொகையைத் தற்காலிக வரவாக வைக்க வேண்டும். 90 நாட்களுக்குள் முடிவு காண வேண்டும். வாடிக்கையாளர் பொறுப்பு என்று மெய்ப்பிக்கும் கடமையும் வங்கியையே சாரும் என அச்சுற்றறிக்கை விதித்தது. வங்கி 30 நாட்களில் பதில் தராவிடினும், தந்த பதில் நிறைவளிக்காவிடினும் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம். விதிகள் அவ்வப்போது திருத்தப்படுவனவாதலின், தத்தம் வங்கியில் நடப்பு விதியையும் கேட்டறிக.

ஒரு வரியில் ஐயம் என்பதற்காக முழுத் தொகையையும் செலுத்தாது நிறுத்திவிடல் தவறு. ஐயமற்ற தொகையைக் கெடுநாளுக்குள் செலுத்திவிட வேண்டும்; இல்லையெனில் அதன் மேல் வட்டி ஏறும். ஒருமுறைக் கடவு எண்ணையோ இரகசிய எண்ணையோ பிறருக்குச் சொல்லி நேர்ந்த இழப்பு, வங்கியில் தெரிவிக்கும் வரை வாடிக்கையாளரையே சாரும் என்பதையும் மறத்தலாகாது.

நிறைவாக

மாதந்தோறும் அறிக்கை வந்தவுடன் மளிகை ரசீதுகளை எடுத்து வைத்து வரிக்கு வரி ஒப்பிடக் கால் மணி நேரம் போதும். நம் மாணவர்கள் தத்தம் இல்லத்துப் பெரியோர்க்கு இவ்வுதவியைச் செய்ய வேண்டுமென விழைகிறோம். பெரியோர் பலருக்கு ஆங்கிலக் குறுஞ்செய்தி விளங்குவதில்லை. விளங்கவில்லை என்று கூறவும் அவர்கள் கூசுகின்றனர். அன்றன்று வரும் செய்தியைத் தமிழில் படித்துக் காட்டி, ‘இதை வாங்கினீர்களா?’ என்று ஒரு சொல் கேட்டால் போதும். அக்கேள்வி மூன்று நாட்களுக்குள் கேட்கப்பட வேண்டும் என்பதே முக்கியம்.