பாதியாய்ப் பிளந்த பப்பாளி: கலவரத்துக்குக் கலையால் பதிலளித்த ருமானா ஹுசேன்

புதுதில்லி: 1995-ஆம் ஆண்டு, மும்பை தேசிய நிகழ்த்துகலை மையம். காலில் சலங்கை கட்டிய ஒரு பெண், பாதியாக அறுத்த பப்பாளிப் பழத்தைக் கையில் ஏந்தி மெல்ல நடந்தார். வாய் அகலத் திறந்திருந்தது. குரல் மட்டும் எழவில்லை.

"விளிம்பில் வாழ்தல்" என்ற பொருள்படும் தலைப்பிலான அந்நிகழ்வை நடத்தியவர் ருமானா ஹுசேன். இந்தியக் கலைஞர்களில் தம் உடலையே ஊடகமாக்கிய முன்னோடிகளில் ஒருவர்.

1952-இல் பெங்களூரில் பிறந்த ருமானா, ஏறத்தாழ நாற்பது வயதுவரை ஓவியர். அவரைத் தூரிகையிடமிருந்து பிரித்தது 1992 டிசம்பர் 6. அயோத்தியில் பாபர் மசூதி இடிக்கப்பட்டதைத் தொடர்ந்து மும்பையில் இரு கட்டங்களாகக் கலவரம் மூண்டது. 900 பேர் பலியானதாகவும், அவர்களில் 575 பேர் முஸ்லிம்கள் என்றும் ஸ்ரீகிருஷ்ணா ஆணையம் பதிவு செய்தது. ருமானாவின் குடும்பமும் வீட்டைவிட்டு வெளியேற நேர்ந்தது. அதுவரை ஓவியராக அறியப்பட்டவருக்கு, அவரது பெயரே ஆபத்தான அடையாளமாகிவிட்டது.

தில்லியைத் தலைமையிடமாகக் கொண்ட "சஹ்மத்" அமைப்புடன் இணைந்து அவர் வகுப்புவாத எதிர்ப்பில் ஈடுபட்டார். 1989 புத்தாண்டு நாளில் சாகிபாபாதில் தெருநாடகம் நடத்தியபோது தாக்கப்பட்டு, மறுநாள் உயிரிழந்த சஃப்தர் ஹஷ்மியின் நினைவாக உருவான அமைப்பு அது.

ருமானா கையாண்ட பொருள்கள் வீட்டில் கிடைப்பவை: மண்பானை, கண்ணாடி, காவிக்கல் பொடி, பப்பாளி. உடைந்த பானையின் பாதியைக் கண்ணாடி மீது வைத்தால் அது குவிமாடத்தை நினைவூட்டும். அறுத்த பழமோ பெண்ணுடலை. இடிந்த கட்டடமும் காயமுற்ற உடலும் அவர் படைப்புகளில் வேறு வேறல்ல.

1997-இல் அவர் அமைத்த "பேகம் ஹஸ்ரத் மஹலின் கல்லறை" குறிப்பிடத்தக்கது. 1857 கிளர்ச்சியில் லக்னோவில் ஆங்கிலேயரை எதிர்த்து நின்று, 1879-இல் காத்மாண்டுவில் மறைந்த அவத் அரசி அவர். முஸ்லிம்களிடம் தேசபக்திக்குச் சான்று கேட்கப்பட்ட காலத்தில் ருமானா அவரைத் தேர்ந்தெடுத்தது தற்செயலாக இருக்க முடியாது.

இதற்கிடையே புற்றுநோய் அவரைத் தாக்கியது. அதையும் அவர் மறைக்கவில்லை. "நீங்கள் நினைப்பதுதானா?" எனக் கேட்கும் 1998-ஆம் ஆண்டு நிகழ்வில், அறுவைச் சிகிச்சைக்குள்ளான தம் உடலைப் பார்வையாளர் முன் நிறுத்தி, முஸ்லிம் பெண் ஒருத்தியைப் பற்றிய கேள்விகளை அடுத்தடுத்து வாசித்தார். அவள் எப்படிப்பட்டவள், எதை நம்புகிறாள்? விடை எதுவும் தரப்படவில்லை. அந்த மௌனத்தில், கேட்பவரின் முன்முடிவுகளே அம்பலமாயின. அதே ஆண்டு நியூயார்க்கில் பாலம் ஒன்றின் மீது சலங்கைக் கால்களுடன் நடந்து, அதை வீடியோ படைப்பாக்கினார்.

இந்திய ஓவியர்கள் செய்தியாவது பெரும்பாலும் ஏலத் தொகையால்தான். விற்க இயலாத இத்தகைய கலை பரவலாக அறியப்படாததில் வியப்பில்லை.

ருமானா 1999-இல் காலமானார். அவரது இறுதிப் படைப்பான "குணமாவதற்கான ஓர் இடம்", மருத்துவமனையா வழிபாட்டுத் தலமா என்று பிரித்தறிய இயலாத ஓர் அறை. சுவரில் பதித்த இரும்புக் கருவிகள் உருது எழுத்துகள் போலத் தோன்றும். அவ்வாண்டு பிரிஸ்பேனில் நடைபெற்ற ஆசிய-பசிபிக் கலைக் கண்காட்சியில் அது இடம்பெற்றபோது, அதை உருவாக்கியவர் உயிருடன் இல்லை.