கடலுக்குள் ஒரு கண்

நுழையும்முன்

காட்டை நடந்து காணலாம். மலையை ஏறிக் காணலாம். கடலின் உள்ளே நிகழ்வதோ பெரும்பாலோர் கண்ணுக்கு எட்டுவதில்லை. அதனைக் காட்டவும் காக்கவும் கடல் உயிரியலும் படக்கருவியும் இணைந்து செயலாற்றுவதை இக்கட்டுரை விளக்குகிறது.

கல்லில் பதிந்த கடல்

அரியலூரை அடுத்த கல்லங்குறிச்சியில், சிமெண்டுக்காகச் சுண்ணாம்புக்கல் வெட்டும் சுரங்கங்களில் சிப்பி ஓடுகள் அடுக்கடுக்காகக் காணப்படுகின்றன. ஏறத்தாழ ஏழு கோடி ஆண்டுகளுக்கு முன்பு இப்பகுதி ஆழம் குறைந்த கடலாக இருந்தது என்பதற்கு அவை சான்று. நிலவியலாளர் இப்பாறைத் தொகுதியைக் ‘கல்லங்குறிச்சிப் படிவம்’ என்றே அழைக்கின்றனர். ஓடுகள் எஞ்சின, அவ்வுயிர்களின் நிறமும் அசைவும் எஞ்சவில்லை. இன்றைய கடலுயிர்களையோ, அவை வாழும்போதே நம்மால் பதிவு செய்ய இயலும்.

நீருக்குள் படக்கருவி

பிரெஞ்சு உயிரியலாளர் லூயி பூத்தான் 1893-ஆம் ஆண்டிலேயே கடலுக்கடியில் ஒளிப்படம் எடுத்தார். 1943-இல் ழாக் கூஸ்தோவும் எமில் காஞானும் உருவாக்கிய மூச்சுக்கருவி, மூழ்குவோர் மீனைப்போல் தடையின்றி நீந்த வழிவகுத்தது. ஆயினும், நீர் செந்நிற ஒளியை முதலில் உறிஞ்சிவிடுகிறது. ஆதலால் விளக்கின்றி எடுக்கும் படம் நீலம் பாய்ந்தே தோன்றும். கருவியை இயக்கத் தெரிந்தால் மட்டும் போதாது. எவ்வுயிர் எங்கு, எப்போது வெளிப்படும் என்ற உயிரியல் அறிவும் வேண்டும்.

மன்னார் வளைகுடா

இராமேசுவரத்திற்கும் தூத்துக்குடிக்கும் இடையிலுள்ள 21 தீவுகளைச் சூழ்ந்த கடற்பகுதி, 1986-இல் கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. பவளப்பாறைகளை ஆய்வோர் கடலடியில் அளவுநாடாவை விரித்து, அதன் வழியே நீந்திப் படமெடுக்கின்றனர். அதே இடத்தில் மீண்டும் எடுக்கும் படத்தோடு ஒப்பிட்டால், வளர்ச்சியும் அழிவும் புலப்படும். நீர் மிகுதியாக வெப்பமடையும்போது, பவள உயிரிகள் தம்முள் வாழ்ந்து உணவளிக்கும் நுண்பாசிகளை இழந்து வெளிறுகின்றன. 2016-ஆம் ஆண்டுக் கோடையில் இவ்வாறு வெளிறிய பவளங்களில் பல மடிந்தன.

சட்டம் தந்த படம்

மீன்களுள் மிகப்பெரியது திமிங்கலச் சுறா. மிதவை நுண்ணுயிர்களை வடிகட்டி உண்ணும் இச்சாது உயிரினம், ஈரல் எண்ணெய்க்காகவும் இறைச்சிக்காகவும் குசராத்துக் கரையில் வேட்டையாடப்பட்டது. அக்கொடுமையை மைக் பாண்டே 2000-ஆம் ஆண்டில் ‘ஷோர்ஸ் ஆஃப் சைலன்ஸ்’ என்னும் ஆவணப்படத்தில் வெளிக்கொணர்ந்தார். மறு ஆண்டே, வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் அது சேர்க்கப்பட்டது. அவ்வட்டவணையில் இடம்பெற்ற முதல் மீன் அதுவே. சட்டத்தோடு பணி முடியவில்லை. வலையில் சிக்கிய சுறாவை வலையறுத்து விடுவிப்பதை மீனவர்களே படமெடுத்து, அறுந்த வலைக்கு இழப்பீடு பெறும் முறையும் பின்னர் அங்கு வந்தது. வேட்டையாடிய கைகளே காக்கும் கைகளாயின.

நிறைவாக

படம் தானே கடலைக் காப்பதில்லை. காக்க வேண்டியது எது என்பதைக் கண்முன் நிறுத்துகிறது. கல்லங்குறிச்சியின் சிப்பிகள் மறைந்தபோது, பார்ப்பதற்கு மனிதர் எவரும் இல்லை. இன்றைய பவளங்கள் வெளிறும்போது நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோம். பார்த்தும் வாளா இருந்தோம் என்னும் பழி நம் தலைமுறைக்கு வரலாகாது.