அடுப்பை எரிய வைத்த மனு

ராஜஸ்தானில் வறட்சி, கிராமங்களில் பட்டினி. இந்திய உணவுக் கழகக் கிடங்குகளிலோ தானியம் வழிந்து, நனைந்து, புழுத்துக்கொண்டிருந்தது. 2001 ஏப்ரலில் இந்த முரண்பாட்டை உச்ச நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனது மக்கள் சிவில் உரிமைக் கழகம்.

தீர்ப்புக்கு முன்பே பலன் கிடைத்தது. அந்த ஆண்டு நவம்பர் 28-ல் பிறந்த இடைக்கால உத்தரவு, அரசுப் பள்ளிகளில் சமைத்த மதிய உணவைக் கட்டாயமாக்கியது: குறைந்தது 300 கலோரி, 8 முதல் 12 கிராம் புரதம், ஆண்டுக்கு 200 நாட்கள். அதுவரை பல மாநிலங்கள் மாதம் 3 கிலோ தானியத்தை அளந்து போட்டுக் கை கழுவிவந்தன. உத்தரவுக்குப் பிறகும் சாக்குப்போக்குகள் தொடரவே, கண்காணிக்க 2002-ல் ஆணையர்களை நியமித்தது நீதிமன்றம். மெல்ல மெல்ல மாநிலங்கள் வழிக்கு வந்தன.

2013-ல் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. உத்தரவால் கிடைத்தவற்றில் பலவும் சட்ட உரிமைகளாயின. 2017-ல், 16 ஆண்டுகளுக்குப் பின், மனு முடித்து வைக்கப்பட்டது.

இது வெற்றிதான். ஆனால் ஒரு காவலும் விலகியது. முன்பு தட்டு காலியானால் தலைமைச் செயலாளர்களையே கேள்வி கேட்டது உச்ச நீதிமன்றம். இனி ஏழை தட்ட வேண்டியது மாவட்டக் குறைதீர் அதிகாரியின் கதவை. அது திறக்கிறதா என்பதில்தான் இருக்கிறது, வென்ற வழக்கின் மதிப்பு.