கண்ணாடியின் பதம் பிடித்த கேமரா

நெதர்லாந்தின் லீர்டாம் கண்ணாடித் தொழிற்சாலை தனக்கொரு விளம்பரப் படம் வேண்டுமென்று இயக்குநர் பெர்ட் ஹான்ஸ்ட்ராவைக் கேட்டது. அந்த வேலையோடு வேலையாக அவர் எடுத்த இன்னொரு சிறு படம்தான் 1958-இல் வந்த ‘கிளாஸ்’. ஏறத்தாழ 11 நிமிடம். விளக்கவுரை கிடையாது, ஜாஸ் இசை உண்டு. சிறந்த ஆவணக் குறும்படத்துக்கான ஆஸ்கர் விருதைப் பெற்றது. ஒளிப்பதிவு எடி வான் டெர் எண்டன். அவருக்குக் கிடைத்த சவாலை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்பு அடங்குவதில்லை.

அந்தச் சவால் கண்ணாடியின் இயல்பிலேயே இருக்கிறது. இரும்பு 1,538 டிகிரி செல்சியஸில் உருகும். கண்ணாடிக்கு அப்படி ஒரு புள்ளியே இல்லை. சூடு இறங்க இறங்க, அதன் அணுக்கள் ஒழுங்காக அடுக்கிக்கொள்ளாமல் அப்படியே இறுகிப்போகின்றன. அதிரசத்துக்கு வெல்லப்பாகு காய்ச்சுகிறவர்கள் பார்க்கும் பதம் போல, இதிலும் ஒரு பதம் உண்டு. அது இருக்கும் சிறிது நேரத்துக்குள் ஊத வேண்டும், சுழற்ற வேண்டும், வளைக்க வேண்டும். ஊதுகுழலை உருட்டுவதை நிறுத்தினால் அதன் முனையிலுள்ள கண்ணாடிக் குழம்பு ஒரு பக்கமாகத் தொங்கிவிடும். அதனால்தான் படத்தில் தொழிலாளியின் கை ஓய்வதே இல்லை.

கேமராவுக்கு இந்தப் பதம் வேறொரு தொல்லை. உலையிலிருந்து வரும்போது 1,000 டிகிரிக்கும் மேலான சூட்டில் கண்ணாடியே விளக்காக எரிகிறது. அதற்கேற்ப லென்ஸின் துளையைச் சுருக்கினால், ஊதுகிறவரின் முகம் இருண்டுவிடும். முகத்துக்கேற்பத் திறந்தால் கண்ணாடி வெறும் வெள்ளைத் திட்டாகிவிடும். சற்று ஆறியதும் நிலைமை தலைகீழ். ஏறத்தாழ 525 டிகிரிக்குக் கீழே வந்தால் அது ஒளிராது. தன்மேல் விழும் ஒளியையும் பெரும்பாலும் ஊடுருவ விட்டுவிடும். ஒவ்வொரு பரப்பிலும் நேராக விழும் ஒளியில் சுமார் 4 சதவீதமே திரும்புகிறது. அந்தச் சிறு மினுக்கத்தையும், விளிம்பில் ஒளி வளைவதையும் வைத்துத்தான் கண்ணாடி அங்கே இருப்பதையே காட்ட வேண்டும். ஒளி தந்த பொருளுக்கே சற்று நேரத்தில் ஒளி தேட வேண்டியிருக்கிறது!

 

‘கிளாஸ்’ படத்தின் பிற்பகுதியில் எந்திரம் பாட்டில் செய்கிறது. ஒரு பாட்டிலின் கழுத்து உடைந்திருக்கிறது. எந்திரக் கரம் வழக்கம்போல் கழுத்தைப் பிடிக்க வருகிறது, பிடி கிடைக்கவில்லை. அதை அறிய அதற்கு வழியும் இல்லை. பின்னால் வரும் பாட்டில்கள் முட்டி, விழுந்து, நொறுங்குகின்றன, ஒரு மனிதக் கை வந்து தடையை எடுக்கும்வரை.

இன்றைய பாட்டில் ஆலைகளில் அந்தப் பிழையைக் கண்டுபிடிப்பவையும் கேமராக்களே. வரிசையில் விரையும் ஒவ்வொரு பாட்டிலையும் அவை படமெடுத்துச் சோதிக்கின்றன. வெடிப்போ உடைப்போ தெரிந்தால், அந்த ஒன்று மட்டும் வரிசையிலிருந்து விலக்கப்படுகிறது. அது மீண்டும் உலைக்குப் போய்க் குழம்பாகிறது.