சாவா நதிக்கரையில் குஞா: குரோஷியாவின் ஒரு முஸ்லிம் கிராமத்தின் கதை

ஐரோப்பாவில் முஸ்லிம்கள் என்றதும் எங்கட ஆட்களுக்கு முதலில் பொஸ்னியா ஞாபகம் வரும். அதற்குப் பிறகு, வேலை தேடிப்போய்க் குடியேறியவர்கள் வாழும் லண்டனும் பாரிஸும். குரோஷியா என்ற பெயர் அந்த வரிசையில் வருவதில்லை. அது கத்தோலிக்க நாடு, உதைபந்தாட்டத்துக்குப் பேர்போன நாடு என்பதோடு நிறுத்திக்கொள்கிறோம். அந்த நாட்டின் கிழக்குக் கோடியில், மூன்றிலொரு பங்கினர் முஸ்லிம்களாக இருந்துவந்த ஒரு கிராமம் இருக்கிறது. அதன் பெயர் குஞா.

இந்தப் பெயரை ஆங்கில எழுத்தில் பார்ப்பவர்கள் 'குன்ஜா' என்று வாசித்துவிடுகிறார்கள். அது பிழை. குரோஷிய மொழியில் அந்த இரண்டு எழுத்தும் சேர்ந்து எங்கட 'ஞ' ஒலியைத்தான் தரும். தமிழில் எழுதினால் பிசகே இல்லை.

குரோஷியாவின் வரைபடம் பிறை வடிவானது. பிறையின் ஒரு நுனி தெற்கே கடலோரமாக இறங்குகிறது. மற்ற நுனி கிழக்கே செர்பியாவை நோக்கி நீள்கிறது. குஞா இருப்பது இந்தக் கிழக்கு நுனியில், வூக்கோவார்-ஸ்ரியெம் மாவட்டத்தில். எங்கட பிரதேச சபையைப் போன்ற உள்ளூராட்சி அலகு ஒன்று இதற்கு உண்டு. ஆனால் அந்த அலகு முழுவதற்கும் ஊர் இது ஒன்றுதான். தெற்கே சாவா நதி. அதன் மறுகரையில் பொஸ்னியாவின் பிர்ச்கோ நகரம். பாலத்தைக் கடந்தால் வேறு நாடு.

சாவா, ஸ்லொவேனியாவில் பிறந்து, பெல்கிரேட்டில் டனியூப்போடு கலக்கும் நதி. நீளம் ஆயிரம் கிலோமீற்றருக்குச் சற்றுக் குறைவு. பொஸ்னிய மலைகளில் பெய்யும் மழையெல்லாம் வ்ர்பாஸ், பொஸ்னா முதலிய ஆறுகள் வழியாக இதில்தான் வந்து விழும். வடகரையோ மேடு பள்ளமில்லாத சமவெளி. வளமான மண், சோளமும் கோதுமையும் விளையும். சற்று வடக்கே ஸ்பாச்வா என்ற ஓக் மரக்காடு கிடக்கிறது. ஐரோப்பாவில் எஞ்சியுள்ள பெரிய ஓக் காடுகளில் அதுவும் ஒன்று. ஆற்றை ஊருக்குள் வரவிடாமல் மறித்து நிற்பது நீளமான மண் அணைக்கட்டு. அந்தக் கட்டு இல்லையென்றால் இந்தப் பக்கத்தில் ஊர்களே இல்லை.

இந்தச் சுற்றுவட்டாரத்துக்கு 'ட்ஸ்வெல்ஃபெரியா' என்றொரு விசித்திரமான பெயர். ஜெர்மன் மொழியில் பன்னிரண்டு என்பதைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. ஒரு கிராமப்புறத்துக்கு எண்ணில் பெயர் வந்த கதையை அறிய, கொஞ்சம் பின்னோக்கிப் போகவேண்டும்.

16ம் நூற்றாண்டில் இந்தச் சமவெளி உஸ்மானியர் கைக்கு வந்தது. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேலாக இங்கே பள்ளிவாசல்களும் மத்ரஸாக்களும் இருந்தன. 1699ம் ஆண்டின் கார்லோவிட்ஸ் உடன்படிக்கையோடு அந்தக் காலம் முடிந்தது. சாவா நதி இரண்டு பேரரசுகளுக்கு நடுவே எல்லையாயிற்று. வடகரை முஸ்லிம்கள் ஆற்றைக் கடந்து பொஸ்னியாவுக்குப் போனார்கள். போகாதவர்கள் மதம் மாறினார்கள். பள்ளிவாசல்கள் இடிக்கப்பட்டன. இன்றைய குரோஷியாவில் உஸ்மானியர் காலப் பள்ளிவாசல் என்று அடையாளம் காட்டக்கூடியவை மூன்றுதான்: ஜாக்கோவோவில் ஒன்று, த்ர்னீஷில் ஒன்று, கிளிஸ் கோட்டையில் ஒன்று. மூன்றுமே இப்போது தேவாலயங்கள்.

பிறகு ஆஸ்திரியர்கள் இந்த எல்லையோரத்தை 'இராணுவ எல்லை' என்று தனியாகப் பிரித்து ஆண்டார்கள். விவசாயி ஒவ்வொருவனும் படைவீரன். கிராமங்கள் படைப்பிரிவுகளாக வகுக்கப்பட்டன. குஞாவும் அயல் ஊர்களும் புரோட் படையணியின் பன்னிரண்டாவது பிரிவுக்குள் அடங்கின. 1881ல் இராணுவ எல்லை குரோஷியாவோடு சேர்க்கப்பட்டது. படையணி போய் ஒன்றரை நூற்றாண்டாகப் போகிறது, பெயர் மட்டும் போகவில்லை.

அதற்கிடையில், 1878ல், ஆஸ்திரியா-ஹங்கேரி பொஸ்னியாவையும் பிடித்துக்கொண்டது. ஆற்றின் இரு கரையும் ஒரே அரசின் கீழ் வந்தன. பேரரசின் படையில் பொஸ்னிய முஸ்லிம்கள் சேர்ந்தார்கள், நகரங்களுக்குப் பிழைப்புக்கு வந்தார்கள். இவர்களுடைய மார்க்கத்துக்குச் சட்டத்தில் இடம் தேவைப்பட்டது. 1916 ஏப்ரலில் குரோஷியப் பாராளுமன்றம் இஸ்லாத்தை அங்கீகரித்துச் சட்டம் இயற்றியது. 2016ல் அதன் நூற்றாண்டைக் கொண்டாடினார்கள். ஐரோப்பாவின் பல பெரிய நாடுகளில் இன்றைக்கும் இப்படியொரு அங்கீகாரம் கிடையாது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

யூகோஸ்லாவியா காலத்தில் குஞாவில் முஸ்லிம் குடும்பங்கள் பெருகின. 1969ல் அவர்கள் பள்ளிவாசல் கட்டினார்கள். உஸ்மானியர் போனதற்குப் பிறகு குரோஷிய மண்ணில் பள்ளிவாசலாகவே எழுப்பப்பட்டு இன்றும் நிற்பவற்றில் இதுவே பழையது. தலைநகர் சாக்ரெப்பின் பெரிய பள்ளிவாசல் திறக்கப்பட்டது 1987ல். ரியெக்காவுக்கு 2013ல்தான் கிடைத்தது. கம்யூனிச அரசின் கீழ், ஆற்றோரத்து விவசாயிகள் தலைநகரை முந்திவிட்டார்கள்.

அந்தக் காலத்து இன்னொரு விஷயம் எங்களுக்கு விசேஷமானது. யூகோஸ்லாவியா 1971 குடிசன மதிப்பில் 'முஸ்லிம்' என்பதை ஓர் இனத்தின் பெயராகவே ஏற்றுக்கொண்டது. பேசுவது அயலவன் பேசும் அதே மொழி, மார்க்கத்தால் மட்டும் வேறு. அவர்களை எந்த இனம் என்று எழுதுவது? முதல் எழுத்தைப் பெரிதாக எழுதினால் இனம், சிறிதாக எழுதினால் மார்க்கம் என்று அங்கே ஓர் எழுத்து முறையே வகுத்தார்கள். 1993க்குப் பிறகு 'பொஸ்னியாக்' என்ற பெயர் நிலைத்தது. சோனகரா, முஸ்லிமா, தமிழரா என்று நூறு வருஷத்துக்கு மேலாக வாதாடிவரும் எங்களுக்கு இது புதுக் கதை அல்ல.

குஞாக்காரர் பேச்சில் எங்களுக்குப் பழக்கமான சொற்கள் நிறைய. பள்ளிவாசலுக்கு 'ஜாமியா', பிள்ளைகள் ஓதுமிடம் 'மெக்தெப்', ஊர் மஹல்லா 'ஜெமாத்', ஜனாஸா 'ஜெனாஸா', பெருநாள் 'பைராம்'. அறபும் பாரசீகமும் துருக்கி வழியாகப் போய்ச் சேர்ந்தவை. அவர்கள் ஹனபி, நாங்கள் ஷாபிஈ.

1992 ஏப்ரல் 30ல் பிர்ச்கோ பாலம் தகர்க்கப்பட்டது. அதன்மேல் நின்ற பொதுமக்கள் பலர் மாண்டார்கள். மறுகரையில் நடந்த கொடுமைகளிலிருந்து தப்பியவர்களுக்கு முதல் கரை இந்தப் பக்கம்தான். யுத்தம் முடிந்தும் பிர்ச்கோ யாருக்கு என்ற வழக்கு தீரவில்லை. 2000ல்தான் அது தனி மாவட்டமாயிற்று. பாலமும் திரும்பக் கட்டப்பட்டது.

யுத்தத்தைத் தாங்கிய ஊரைத் தண்ணீர் வீழ்த்தியது. 2014 மே மாதம் பொஸ்னியாவிலும் செர்பியாவிலும் சில நாட்களில் மாதக்கணக்கான மழை கொட்டியது. மே 17, சனிக்கிழமை, ராயெவோ செலோவிலும் ராச்சினொவ்ட்சியிலும் அணைக்கட்டு உடைந்தது. குஞாவில் கட்டு உடையவில்லை. அயலூரில் புகுந்த வெள்ளம் சமவெளி வழியாகப் பரவி ஊருக்குள் வந்தது. ஆற்றையே பார்த்துக்கொண்டிருந்தவர்களுக்குத் தண்ணீர் முதுகுப்பக்கத்தால் வந்தமாதிரி. கட்டு ஒருதரம் உடைந்தால் அதுவே எதிரியாகிவிடும்: உள்ளே வந்த தண்ணீரை ஆற்றுக்குத் திரும்பிப்போக விடாது. அதனால்தான் வீடுகள் நாட்கணக்கில் மூழ்கிக் கிடந்தன. ஆயிரக்கணக்கான மக்கள் படகிலும் ஹெலிகொப்டரிலும் வெளியேற்றப்பட்டார்கள். தொழுவத்தில் கட்டியிருந்த மாடுகளும் பன்றிகளும் செத்து மிதந்தன. தண்ணீர் வடிந்தபின் கிருமி நீக்கம் செய்யாமல் ஊருக்குள் கால்வைக்க முடியவில்லை.

அரசாங்கம் வீடுகளைத் திருத்தியது, திருத்த முடியாதவற்றை இடித்துக் கட்டியது. பள்ளிவாசலும் தேவாலயமும் திரும்ப எழுந்து நின்றன. வீடு திரும்பி வந்தது, ஆட்கள்தான் வரவில்லை. 2013 ஜூலையில் குரோஷியா ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்திருந்தது. அயர்லாந்தின் கதவு உடனே திறந்தது, ஜெர்மனியின் கதவு 2015ல். வெள்ளத்தில் எல்லாம் இழந்த இளம் குடும்பத்துக்கு, மண்ணைச் சுரண்டிக் கழுவி மறுபடி தொடங்குவதைவிட டப்ளினுக்கு டிக்கெட் எடுப்பது லேசு. 2011 குடிசன மதிப்பில் ஏறத்தாழ 3,700 பேர் இருந்த ஊரில், 2021ல் மூவாயிரத்துக்கும் குறைவு. இதில் பொஸ்னியாக், குரோஷியர் என்ற பேதம் இல்லை. பெருநாளுக்கும் நத்தாருக்கும் வெளிநாட்டு இலக்கத் தகடு போட்ட கார்கள் வரும், ஒரு கிழமையில் போய்விடும்.

2023 ஜனவரியில் குரோஷியா ஷெங்கன் வலயத்துக்குள்ளும் போய்விட்டது. முன்னர் ஒரே நாடாக இருந்த இரு கரைகளுக்கு நடுவே இப்போது ஓடுவது ஐரோப்பிய ஒன்றியத்தின் வெளி எல்லை. குஞாவிலிருந்து டப்ளினுக்கோ பெர்லினுக்கோ போகிறவரை வழியில் எந்த எல்லைச் சாவடியும் பெரிதாகத் தொந்தரவு செய்யாது. பாலத்துக்கு அப்பால் பிர்ச்கோவில் இருக்கும் சொந்தக்காரரின் ஜனாஸாவுக்குப் போகவென்றால் வரிசையில் நின்று ஆவணம் காட்டவேண்டும்.