தடைசெய்த நாடாவும் தழைத்த கட்டுக்கதையும்

பூட்டிய அறை ஒன்றைக் கண்டால் அதனுள்ளே பூதமொன்றைக் குடியேற்றிப் பார்ப்பது மனித மனத்தின் இயல்பு. தடைசெய்யப்பட்ட வீடியோ நாடாக்கள் மேனாடுகளிற் பெற்ற புகழுக்கும் இவ்வியல்பே காரணம் எனலாம்.

1971இல் ஆர்ஜென்ரீனாவில் எடுக்கப்பட்டு, விலைபோகாமற் கிடந்த மலிவான படமொன்றை அலன் ஷக்கிள்டன் என்னும் அமெரிக்க விநியோகஸ்தர் கையிலெடுத்தார். படப்பிடிப்புக் குழுவினரே ஒரு பெண்ணைக் கொல்வதுபோன்ற சில நிமிடக் காட்சியை அதன் இறுதியில் ஒட்டினார். நடித்தோர் பெயர் எதுவுங் காட்டப்படாமலே படம் முடிந்தது. 'ஸ்னஃப்' என்ற பெயருடன் 1976இல் அது நியூயோர்க்கில் திரையிடப்பட்டபோது, கொலை மெய்யானதே என்ற பேச்சுப் பரவிற்று. அரச வழக்குத்தொடுநர் றொபேட் மோர்கன்தோ விசாரணை செய்வித்தார். அந்நடிகை உயிருடன் நலமே இருக்கக் கண்டனர். நடிகை பிழைத்தார், கதையோ அவரினும் நெடுநாள் வாழ்ந்தது!

அடுத்த பத்தாண்டில் வீடியோக் கருவி வீடுதோறும் புகுந்தது. பிரித்தானியாவில் வீடியோ நாடாக்களுக்குத் தணிக்கைச் சான்று அப்போது கட்டாயமாக இருக்கவில்லை. பெற்றோர் அஞ்சினர்; பத்திரிகைகள் முழங்கின. வழக்குத் தொடரத்தக்கவை என அரசின் பட்டியலில் இடம்பெற்ற படங்கள் மொத்தம் 72. அவற்றுள் 'ஸ்னஃப்' படமும் ஒன்று. 1984இல் தணிக்கையைக் கட்டாயமாக்கும் சட்டமும் பிறந்தது. விளைவு யாது? பிள்ளைகள் பார்க்கலாகாதென்று வகுத்த பட்டியலே, தேடிப் பார்க்க வேண்டியவற்றின் அட்டவணையாயிற்று.

கள்ளப் பிரதிகள் கைமாறின. காந்த நாடாவிற் பிரதிக்குப் பிரதி எடுக்குந்தோறும் நிறம் மங்கும், உருவம் கலங்கும், ஒலி இரையும். பூச்சு இரத்தமும் பொம்மைக் கையும் தெளிவான படத்திற் பிடிபட்டுவிடும். மங்கிய படத்திலோ மெய்யெனவே தோன்றும். தலைப்பும் பெயர்களும் இல்லாதொழிந்தால், படைத்தவர் யாரென வினவவும் வழியில்லை. எஞ்சிய இடைவெளியைக் கற்பனை நிரப்பிற்று.

படத்தொழிலை அறிந்தோரும் இதற்கு விலக்கல்லர். 1985இல் வெளியான யப்பானியப் படமொன்றின் நாடா, 1991இல் ஹொலிவூட் நடிகர் சார்லி ஷீன் கைக்கு எட்டியது. மெய்க்கொலை என்றே நம்பி அவர் முறையிட, அமெரிக்கக் கூட்டாட்சிப் புலனாய்வுத் துறைவரை விடயம் சென்றது. அக்காட்சிகள் யாவும் ஒப்பனைத் தந்திரமே என்பதை, படம் உருவான விதத்தைக் காட்டும் மற்றொரு படம் விளக்கிற்று.

சிறுவருக்கு ஒவ்வாத கொடுங்காட்சிகளை விலக்குதல் வேண்டும். அதில் நமக்கு ஐயமில்லை. ஆயினும், ஏன் விலக்குகிறோம் என்பதைச் சொல்லாது மறைப்பின், மறைவே விளம்பரமாகிவிடும். இன்று நாடா மறைந்தது, கைத்தொலைபேசி வந்தது. "நண்பனின் நண்பன் பார்த்தானாம்" என்ற பேச்சு மட்டும் மறையவில்லை. அதனைக் கேட்கும் மாணவர்கள், "பார்த்தவர் யார்? எடுத்தவர் யார்?" என்று இரு கேள்விகள் கேட்கப் பழகட்டும். தீர விசாரிப்பதே மெய் என்று நம் முன்னோர் சொல்லிவைத்தது வீணுக்கன்று.